பின்னிரவு நகைச்சுவை நிகழ்ச்சிக்கு எழுதுவது நிலையான தொழிலா? ஒரு தந்தையின் கேள்விக்குப் பதில்

"மகள் நியூயார்க்கில் முதுகலை படிக்கிறாள். படிப்பு முடிந்ததும் பின்னிரவுத் தொலைக்காட்சி நகைச்சுவை நிகழ்ச்சிகளுக்கு எழுதப்போவதாகச் சொல்கிறாள். எழுத்தாளருக்கும் தயாரிப்பாளருக்கும் அங்கே என்ன வேலை? உள்ளே போவது எப்படி? போனால் நிலைக்குமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். நெடுங்காலமாக இந்தத் துறையைக் கூர்ந்து கவனித்து வருகிறேன், இதன்மீது எனக்குப் பெரிய மதிப்பும் உண்டு. அதனாலேயே இதிலுள்ள சிரமங்களையும் மறைக்காமல் சொல்கிறேன்.

இது நல்ல வேலைதான். தொழிற்சங்கப் பாதுகாப்பு இருக்கிறது, சம்பளமும் கௌரவமானது. ஆனால் நண்பர்கள் கூட்டத்தில் எல்லோரையும் சிரிக்கவைப்பவர்தான் இதில் நிலைப்பார் என்று எண்ணிவிட வேண்டாம். காலையில் எழுதியதை மதியம் தூக்கியெறிந்துவிட்டு, மனம் கசக்காமல் மாலைக்குள் வேறொன்றை எழுதித் தருபவர்தான் நிலைக்கிறார். எழுத்தும் தயாரிப்பும் அங்கே ஒரே வேலையின் இரு பாதிகள் என்பதையும் உங்கள் மகள் இப்போதே அறிந்துகொள்வது நல்லது. தான் எழுதியதை அரங்கில் நிகழ்த்திக் காட்டும் பொறுப்பும் எழுதியவர் தலையில்தான் விழும்.

இன்று நாம் பார்க்கும் வடிவம் 1954 செப்டம்பர் 27 அன்று, என்பிசி தொலைக்காட்சியில் ஸ்டீவ் ஆலன் தொகுத்து வழங்கிய 'டுநைட்' நிகழ்ச்சியில் தொடங்கியது. தொகுப்பாளர் நின்றபடி பேசும் தொடக்க உரை, பிறகு மேசை, விருந்தினர், இசைக்குழு. ஜானி கார்சன் 1962 முதல் 1992 வரை அதே நாற்காலியில் அமர்ந்திருந்தார். சட்டகம் பெரிதாக மாறவில்லை. உள்ளே வைக்கும் சரக்கு மட்டும் அன்றாடம் புதிதாக வேண்டும், எழுத்தாளர்களுக்கு வேலை இருப்பதும் அதனால்தான்.

ஒரு நாள் எப்படிப் போகிறது என்று பாருங்கள். எழுத்தாளர்கள் காலையிலேயே செய்திகளை மேய்ந்துவிடுகிறார்கள். தொடக்க உரைக்கென்று தனியாக இருப்பவர்கள் ஆளுக்குப் பல துணுக்குகளை எழுதி அனுப்ப, தலைமை எழுத்தாளர் சலித்து எடுக்கிறார். மிச்சத்தைத் தொகுப்பாளர் படித்துப் பார்த்து மறுபடி சலிக்கிறார். மதியம் ஒத்திகை. அங்கே பல்லிளித்தவை போய்விடும். மாலையில் பார்வையாளர்கள் முன்னிலையில் படப்பதிவு, நள்ளிரவை ஒட்டி ஒளிபரப்பு. காலையில் குவிந்ததில் மிகச் சிறு பகுதிதான் திரைக்கு வருகிறது. வராதவற்றை மறுநாளுக்கு எடுத்துவைக்கவும் முடியாது, நேற்றைய செய்தி இன்று வாடிய கீரை.

சலிப்பது என்றால் என்ன என்பதை ஓர் எடுத்துக்காட்டோடு சொல்கிறேன். துணுக்கு நானே எழுதியதுதான். நியூயார்க் சுரங்க ரயில் கட்டணம் உயர்கிறது என்று வைத்துக்கொள்வோம். முதல் வடிவம் இது: 'ரயில் கட்டணம் மறுபடியும் உயர்கிறது. கூடுதல் பணம் எதற்கு என்று நிர்வாகம் ஒலிபெருக்கியில் விளக்கியது, ஆனால் யாருக்கும் ஒன்றும் புரியவில்லை.' அந்த ஊர் ரயில் அறிவிப்புகள் கரகரப்பில் காதில் விழாது என்பது நியூயார்க்காரர் எல்லோருக்கும் தெரியும். கருத்து நன்றாக இருந்தும் சிரிப்பு வராது. ஒலிபெருக்கி என்ற சொல் நடுவிலேயே வந்துவிட்டதால் கேட்பவர் முன்கூட்டியே ஊகித்துவிடுகிறார். அதற்குப் பிறகு வருவதெல்லாம் விளக்கவுரை. தலைமை எழுத்தாளர் அதை இப்படி மாற்றுவார்: 'ரயில் கட்டணம் மறுபடியும் உயர்கிறது. கூடுதல் பணம் எதற்கு என்று நிர்வாகம் மிகத் தெளிவாக விளக்கிவிட்டது. ரயில் நிலைய ஒலிபெருக்கியில்.' புரியவில்லை என்பதைப் பார்வையாளரே நிரப்பிக்கொள்கிறார். தான் நிரப்பியதற்குத்தான் மனிதர் சிரிப்பார். வேலையின் பெரும்பகுதி இந்த மாதிரி வெட்டி ஒட்டுவதுதான்.

எழுதுவது உங்கள் மகளாக இருந்தாலும் பேசுவது வேறொருவர். இது முக்கியமானது. டிக் கேவெட்டின் கதையை இதற்குச் சொல்வார்கள். 1960இல் அவர் டைம் பத்திரிகை அலுவலகத்தில் எடுபிடி வேலை பார்த்துக்கொண்டிருந்த இளைஞர். அப்போது 'டுநைட்' தொகுப்பாளராக இருந்தவர் ஜாக் பார். கேவெட் சில துணுக்குகளைத் தட்டச்சு செய்து, டைம் பத்திரிகையின் உறையில் போட்டு எடுத்துக்கொண்டு என்பிசி கட்டடத்துக்குப் போனார். தாழ்வாரத்தில் எதிர்ப்பட்ட பாரிடம் அதைக் கொடுத்தார். அன்றிரவு நிகழ்ச்சியில் பார் அவற்றிலிருந்து பேசினார், பிறகு கேவெட்டுக்கு அங்கேயே வேலையும் கிடைத்தது. பத்திரிகை உறையைத்தான் எல்லோரும் வியந்து பேசுகிறார்கள். எனக்குப் பெரிதாகப் படுவது வேறு. அந்தத் துணுக்குகள் பாரின் வாயில் பொருந்தின. ஒருவர் எங்கே மூச்சு விடுகிறார், எந்தச் சொல்லைத் தவிர்க்கிறார், எதற்குக் கோபப்படுகிறார் என்று கூர்ந்து பார்த்தவர்தான் அப்படி எழுத முடியும். கேவெட் பின்னாளில் தன் பெயரிலேயே நிகழ்ச்சி நடத்தினார். அதற்கு முன் பாருக்கும் கார்சனுக்கும் அவர்கள் குரலில் எழுதியவர் அவர்.

தயாரிப்புப் பக்கத்தைப் புரிந்துகொள்ள மெரில் மார்கோவின் பெயரை உங்கள் மகளிடம் சொல்லுங்கள். 1980இல் தொகுப்பாளர் டேவிட் லெட்டர்மனின் காலை நிகழ்ச்சி சில மாதங்களிலேயே நின்றுபோனது. 1982 பிப்ரவரி 1 அன்று அவருடைய 'லேட் நைட்' தொடங்கியபோது மார்கோதான் முதல் தலைமை எழுத்தாளர். கார்சன் நிகழ்ச்சிக்கு அடுத்து, இரவு 12.30க்கு ஒளிபரப்பு. கார்சன் தரப்பு சில கட்டுப்பாடுகளை விதித்திருந்தது: தொடக்க உரை நீளக் கூடாது, பக்கத்தில் துணைத் தொகுப்பாளர் உட்காரக் கூடாது, பித்தளைக் கருவிகள் கொண்ட பெரிய இசைக்குழு கூடாது. வழக்கமான கருவிகளையெல்லாம் பிடுங்கிக்கொண்டால் எழுத்தாளர் என்ன செய்வார்? மார்கோ கேமராவைத் தெருவுக்கு அனுப்பினார்.

நியூயார்க்கில் பல்பு மட்டுமே விற்கும் கடை ஒன்று இருந்தது. கடையின் பெயரே 'ஜஸ்ட் பல்ப்ஸ்'. லெட்டர்மன் உள்ளே போய், பல்பைத் தவிர வேறென்ன கிடைக்கும் என்று நிதானமாக விசாரிக்கிறார். கடைக்காரருக்கு அது நியாயமான கேள்விதான், அவரும் நேர்மையாகப் பதில் சொல்கிறார். அடுத்து லேம்ப் ஷேட் மட்டுமே விற்கும் கடைக்குப் போகிறார். காகிதத்தில் இதை எழுதினால் நாலு வரிகூட வராது. அந்தக் கடைகளைக் கண்டுபிடித்தவர், அனுமதி வாங்கியவர், கேள்விகளின் வரிசையை வகுத்தவர், படம் பிடித்து வந்ததை வெட்டி எந்த மௌனத்தை எவ்வளவு நேரம் விடலாம் என்று முடிவு செய்தவர், இவர்கள் எல்லோரும்தான் அந்த நகைச்சுவையை 'எழுதியவர்கள்'. செல்லப்பிராணிகளின் அசட்டு வித்தைகள் என்ற மார்கோவின் பகுதி காலை நிகழ்ச்சியில் பிறந்து, லெட்டர்மனோடு பல பத்தாண்டுகள் பயணப்பட்டது. லெட்டர்மனின் புகழில் மார்கோவுக்கு உரிய பங்கைப் பலர் சொல்லாமலே விடுவது எனக்கு இன்றும் வருத்தம்தான்.

'சாட்டர்டே நைட் லைவ்' நிகழ்ச்சியில் இந்தப் பொறுப்பு வாரத்தின் அமைப்பிலேயே இருக்கிறது. திங்களன்று யோசனைகள், செவ்வாய் இரவு முழுக்க எழுத்து, புதனன்று எல்லோரும் மேசையைச் சுற்றி அமர்ந்து வாசிப்பு. தேறிய ஸ்கெட்சை, அதாவது சிறு நகைச்சுவை நாடகத்தை, எழுதியவரே அரங்க வடிவமைப்பாளரிடமும் உடை தைப்பவரிடமும் போய்ப் பேச வேண்டும். சுவர் எந்த நிறம், கதவு எந்தப் பக்கம் திறக்கும் என்பதும் அவர் கவலை. சனிக்கிழமை இரவு 8 மணிக்குப் பார்வையாளர் முன் முழு ஒத்திகை, 11.30க்கு நேரலை. இந்த இடைவெளியில் சில ஸ்கெட்சுகள் அடியோடு வெட்டப்படும், சில பாதியாகக் குறையும். நடிகர்கள் பார்த்துப் படிக்கும் பெரிய அட்டைகள் இன்றும் கையால் எழுதப்படுபவை. மாறிய சொற்களின் மேல் வெள்ளைப் பட்டை ஒட்டி அங்கேயே திருத்துகிறார்கள். வாரம் முழுக்க உழைத்த ஸ்கெட்ச் இரவு பத்தரை மணிக்குப் போய்விட்டால், திங்களன்று புதிய யோசனையோடு வந்து உட்கார வேண்டும்.

தயாரிப்பாளர் என்ற பெயரில் வேறு வேலைகளும் உண்டு. விருந்தினரை அழைத்து வருபவர் ஒருவர். விருந்தினரோடு முன்னதாகவே தொலைபேசியில் நீண்ட நேரம் பேசி, அவர் சொல்லும் பத்துக் கதைகளில் இரண்டைத் தேர்ந்தெடுத்து, தொகுப்பாளர் என்ன கேட்டால் அந்தக் கதை வெளிவரும் என்று குறிப்பெழுதித் தருபவர் இன்னொருவர். திரையில் தற்செயலாக நடப்பதுபோலத் தெரியும் உரையாடலுக்குப் பின்னால் இந்த உழைப்பு இருக்கிறது. எழுத்தாளராக நேரடியாக நுழைய முடியாதவர்களுக்கு இது நல்ல கதவு, காதுக்கும் நல்ல பயிற்சி. அதற்கும் மேலே, பணம், நேரம், தொலைக்காட்சி நிர்வாகத்தோடு மல்லுக்கட்டல் எல்லாவற்றையும் சுமப்பவர் நிர்வாகத் தயாரிப்பாளர். 1960 பிப்ரவரியில் ஜாக் பார் சொன்ன கழிப்பறைத் துணுக்கு ஒன்றை என்பிசி அவரிடம் சொல்லாமலே வெட்டிவிட்டது. மறுநாள் அவர் நிகழ்ச்சியின் நடுவிலேயே எழுந்து போய்விட்டார், ஏறத்தாழ ஒரு மாதம் கழித்துத்தான் திரும்பினார். இதுபோன்ற மோதல்கள் முற்றாமல் பார்த்துக்கொள்வதும் தயாரிப்பாளரின் வேலை. ஜான் ஆலிவரின் வாராந்திர நிகழ்ச்சிபோல ஆய்வை அடிப்படையாகக் கொண்டவற்றில் வழக்கறிஞரும் சேர்ந்து படிக்க வேண்டியிருக்கிறது. 2017இல் ஒரு நிலக்கரி நிறுவன அதிபர் அந்த நிகழ்ச்சியின் மீது அவதூறு வழக்கே தொடுத்தார். அடுத்த ஆண்டு அது தள்ளுபடியானது.

நிலைக்குமா என்ற கேள்விக்கு வருகிறேன். இந்தத் துறையில் எழுத்தாளரின் ஒப்பந்தம் பெரும்பாலும் 13 வாரங்களுக்குத்தான். அது முடிந்ததும் புதுப்பிக்கலாம், புதுப்பிக்காமலும் விடலாம். நிகழ்ச்சிக்கே அந்த நிலை வருவதுண்டு. கோனன் ஓ பிரையன் ஹார்வர்டு நகைச்சுவை இதழில் தொடங்கி, 'சாட்டர்டே நைட் லைவ்', 'தி சிம்ப்சன்ஸ்' ஆகியவற்றுக்கு எழுதியவர். திரையில் யாருக்கும் தெரியாத முகம். 1993 செப்டம்பர் 13 அன்று லெட்டர்மன் விட்டுச்சென்ற 'லேட் நைட்' இடத்தில் உட்கார்ந்தார். தொடக்கத்தில் விமர்சகர்கள் கிழித்தெடுத்தார்கள், என்பிசியும் குறுகிய தவணைகளிலேயே நீட்டிப்புக் கொடுத்தது. முதல் தலைமை எழுத்தாளர் ராபர்ட் ஸ்மிகல், நிலைமை அப்படி இருந்தும் விசித்திரமான யோசனைகளை விடவில்லை. அரசியல்வாதியின் புகைப்படத்தில் உதட்டுப் பகுதியை மட்டும் வெட்டிவிட்டு, அந்த ஓட்டையில் தன் உதட்டைக் காட்டிப் பேசினார். 1950களின் மலிவான கார்ட்டூன் உத்தி அது. செலவு சொற்பம், ஆனால் நிகழ்ச்சிக்கு அது ஓர் அடையாளம் கொடுத்தது. கோனன் அந்த நாற்காலியில் 2009 வரை இருந்தார்.

அதன்பின் நடந்ததையும் மகள் அறிந்திருக்க வேண்டும். 2009 ஜூன் 1 அன்று கோனன் 'டுநைட்' பொறுப்பேற்றார். அவரோடு ஊழியர்கள் பலர் நியூயார்க்கை விட்டு, குடும்பத்தோடு லாஸ் ஏஞ்சலிஸுக்குக் குடிபெயர்ந்தார்கள். 2010 ஜனவரி 22இல் எல்லாம் முடிந்துவிட்டது. வெளியேறும் ஒப்பந்தம் சுமார் 4.5 கோடி டாலர் என்றும், அதில் சுமார் 1.2 கோடி ஊழியர்களுக்கு என்றும் செய்திகள் வந்தன. தன் ஆட்களுக்காகத் தொகுப்பாளர் போராடியதால் கிடைத்தது அது. எல்லோருக்கும் அப்படிப்பட்ட தலைவர் வாய்ப்பதில்லை. எனவே எந்த நிகழ்ச்சியில் சேர்வது என்பதைவிட யாரிடம் சேர்வது என்பதை மகள் விசாரித்தறிய வேண்டும்.

தொழிற்சங்கத்தைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. அமெரிக்க எழுத்தாளர் சங்கம் வேலைநிறுத்தம் அறிவித்தால் முதலில் அணைவது பின்னிரவு நிகழ்ச்சிகளின் விளக்குத்தான். அன்றன்று எழுதுவதால் கையிருப்பு என்று எதுவும் இருப்பதில்லை. 2007 நவம்பரில் தொடங்கிய நிறுத்தம் நீண்டபோது, லெட்டர்மனின் நிறுவனம் 2007 டிசம்பர் இறுதியில் சங்கத்தோடு தனி ஒப்பந்தம் செய்துகொண்டு, 2008 ஜனவரியில் எழுத்தாளர்களோடு திரும்பியது. கோனனின் எழுத்தாளர்கள் வெளியே நிற்க, அவர் தாடியோடு வந்து நேரத்தைப் போக்கத் தன் திருமண மோதிரத்தை மேசைமேல் பம்பரம்போலச் சுழற்றிக் காட்டினார். எழுத்தாளர் இல்லாவிட்டால் என்ன மிஞ்சும் என்பதை நாடே பார்த்தது. 2023 மே 2 முதல் செப்டம்பர் 27 வரை நடந்த நிறுத்தத்தில், நகைச்சுவை எழுத்தாளர்களுக்கு நாள்கூலி முறை கொண்டுவரும் யோசனையும் மோதலுக்கு ஒரு காரணம். 13 வாரமே குறுகியது, அதையும் ஒரு நாளாகச் சுருக்கினால் வாடகைக்கு வீடு எடுத்து வாழ முடியுமா? அந்த எதிர்ப்பு முற்றிலும் நியாயமானது.

துறை சுருங்கி வருகிறது. இதை மகளிடம் மென்று விழுங்காமல் சொல்லிவிடுங்கள். மக்கள் மறுநாள் காலையில் கைப்பேசியில் துண்டு துண்டாகப் பார்க்கிறார்கள், இரவு விளம்பர வருமானம் குறைந்துவிட்டது. 2025 ஜூலையில் சிபிஎஸ் தொலைக்காட்சி, ஸ்டீபன் கோல்பேர் நடத்திவந்த 'லேட் ஷோ' 2026 மே மாதத்தோடு நிறுத்தப்படும் என்று அறிவித்தது. 1993இல் லெட்டர்மன் தொடங்கிய நிகழ்ச்சி அது. நிதிக் காரணம் என்றது நிர்வாகம், அரசியல் காரணம் என்றார்கள் பலர். எதுவானாலும் எழுத்தாளர்களுக்கான நாற்காலிகள் குறைகின்றன.

பெண்களுக்கு இடமுண்டா என்ற தயக்கமும் உங்கள் கேள்விக்குள் இருப்பதாக உணர்கிறேன். 2009இல், லெட்டர்மன் நிகழ்ச்சியில் முன்பு எழுதிய நெல் ஸ்கோவெல் ஒரு கட்டுரையில், லெட்டர்மன், ஜே லெனோ, கோனன் மூவரின் நிகழ்ச்சிகளிலும் அப்போது ஒரு பெண் எழுத்தாளர்கூட இல்லை என்று வெளிப்படையாக எழுதினார். மார்கோ அமைத்த நிகழ்ச்சியின் வழிவந்த அறைகளிலேயே அந்த நிலை என்பது வெட்கக்கேடு. அதன்பிறகு நிலைமை மெல்ல மாறியது. ஜிம்மி கிம்மல் நிகழ்ச்சியில் மாலி மெக்நியர்னி தலைமை எழுத்தாளர்களுள் ஒருவராக இருந்திருக்கிறார். 2014இல் சேத் மேயர்ஸ் நிகழ்ச்சியில் சேர்ந்த ஆம்பர் ரஃபின், அமெரிக்காவின் பெரிய தொலைக்காட்சிகளின் பின்னிரவு உரையாடல் நிகழ்ச்சிக்கு எழுதிய முதல் கறுப்பினப் பெண். பிறகு அவர் பெயரிலேயே நிகழ்ச்சி வந்தது. தந்தை வழியில் தமிழரான மிண்டி கேலிங் கல்லூரி நாட்களில் கோனன் நிகழ்ச்சியில்தான் பயிற்சி ஊழியராக இருந்தார். சொக்கலிங்கம் என்ற குடும்பப் பெயரைச் சுருக்கித்தான் கேலிங் ஆக்கிக்கொண்டார். மகளுக்கு இது தெரிந்தே இருக்கும்.

நுழைவது இப்படித்தான். ஆள் எடுக்கும்போது நிகழ்ச்சிகள் மாதிரி எழுத்துத் தொகுப்பு கேட்கும். அன்றைய செய்தியிலிருந்து சில தொடக்க உரைத் துணுக்குகள், மேசையில் அமர்ந்து செய்யும்படியான ஓரிரு பகுதிகள், தெருவில் படமாக்கக்கூடிய ஒரு யோசனை எனச் சில பக்கங்கள், பெரும்பாலும் சில நாள் அவகாசத்தில். தனக்குப் பிடித்த நகைச்சுவையை அதில் எழுதுவதுதான் புதியவர்கள் செய்யும் தவறு. அந்தத் தொகுப்பாளர் இன்றிரவே எடுத்துப் பேசக்கூடியதை எழுத வேண்டும். செலவையும் நினைத்து எழுத வேண்டும். யானை வேண்டும் என்கிற யோசனையைவிட ஒரு நாற்காலியும் ஒரு தொப்பியும் வேண்டும் என்கிற யோசனைக்கு மதிப்பு அதிகம். அனுப்பும்போது, இதே யோசனை வேறு வழியிலும் எங்களுக்கு வந்திருக்கலாம் என்பதுபோன்ற ஓர் உறுதிப் படிவத்தில் கையெழுத்துக் கேட்பார்கள். அது வழக்கமானது, அஞ்ச வேண்டாம், ஆனால் முழுவதும் படித்துவிட்டுக் கையெழுத்திடச் சொல்லுங்கள்.

நேரே எழுத்தாளராக எடுக்கப்படுபவர்கள் குறைவு. எழுத்தாளர் உதவியாளர், ஆய்வாளர், பழைய காட்சிகளைத் தேடித் தருபவர் என்று சேர்ந்து, பிறகு துணுக்குகளைக் கொடுத்துப் பார்க்க அனுமதி பெற்று மேலே போனவர்கள் பலர். சிகாகோவின் செகண்ட் சிட்டி போன்ற நகைச்சுவை அரங்குகளில் பயின்று வருவோரும் உண்டு. மேடை ஏற மகளுக்கு விருப்பம் இல்லாவிட்டாலும், வாரம் ஒருமுறையாவது தான் எழுதியதை வேறொருவர் பேச, முன்பின் தெரியாதவர்கள் கேட்பதைப் பின்வரிசையில் உட்கார்ந்து பார்க்கட்டும்.

கடைசியாக விசா. மாணவர் விசாவில் இருப்பவருக்குப் படிப்புக்குப் பின் கிடைக்கும் வேலைப் பயிற்சி அனுமதி 12 மாதங்கள். அறிவியல், பொறியியல் படிப்புகளுக்கு உள்ள நீட்டிப்பு எழுத்து, திரைக்கலை போன்ற படிப்புகளுக்குப் பொதுவாகக் கிடையாது. அதன்பின் தங்க வேண்டுமானால், தனித்திறன் உள்ளவர்களுக்கான ஓ-1 விசா ஒரு வழி. அதற்குப் பெயரோடு வெளியான வேலைகள், விருதுகள், துறை சார்ந்தோரின் கடிதங்கள் என்று சான்றுகள் வேண்டும். 13 வார ஒப்பந்தங்கள் கொண்ட துறையில் 12 மாதம் மிகச் சிறிய காலம். ஆகையால் பட்டம் பெற்ற பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இருக்காமல், படிக்கும்போதே பல்கலைக்கழகத்தின் அனுமதியோடு ஒரு நிகழ்ச்சியில் பயிற்சி ஊழியராகச் சேர முயலட்டும். பல்கலைக்கழகத்தின் வெளிநாட்டு மாணவர் அலுவலகத்தில் இந்தப் பருவத்திலேயே அதை விசாரிக்கச் சொல்லுங்கள்.